சாகசத்தின் ஒலி: எஸ்.எம்.சுப்பையா நாயுடுவின் திரையிசையில் நாயகனும் குரலும்

ஆய்வுச் சுருக்கம்

தமிழ்த் திரையிசை வரலாற்றில் எஸ்.எம்.சுப்பையா நாயுடு (1914–1979) பெரும்பாலும் பிறர் பெயரோடு சேர்த்தே நினைக்கப்படுகிறார். டி.எம்.சௌந்தரராஜனை அறிமுகம் செய்தவர், எம்.எஸ்.விசுவநாதனுக்கு ஆசான் என்பன அவருக்கு வழங்கிவரும் அடையாளங்கள். 'ராஜகுமாரி' (1947) முதல் 'தலைவன்' (1970) வரை அவர் இசையமைத்த சாகசப் படங்களை ஒரு தொடராக நோக்கி, அந்த வகைப்படத்தின் நாயகனை ஒலியால் உருவாக்கியதில் அவருக்குரிய பங்கினை இக்கட்டுரை மதிப்பிடுகிறது. சாகசத்தைப் பின்னணி இசையால் கட்டிய மேலைநாட்டு முறைக்கும் பாடற்குரலால் கட்டிய தமிழ் முறைக்கும் உள்ள வேறுபாடு இதற்கு அளவுகோலாகக் கொள்ளப்படுகிறது.

திறவுச்சொற்கள்: எஸ்.எம்.சுப்பையா நாயுடு, சாகசத் திரைப்படம், மலைக்கள்ளன், நாடோடி மன்னன், பின்னணி இசை, கோவைப் படப்பிடிப்பு நிலையங்கள், தென்காசி வட்டாரம்.

1. முன்னுரை

வாள், குதிரை, மாறுவேடம், இரட்டை வேடம், மலைக்குகை, இழந்த அரசுரிமை ஆகியவற்றைக் கொண்ட படங்கள் 1940களின் பிற்பகுதி தொடங்கி ஏறத்தாழ இருபது ஆண்டுகள் தமிழ்த் திரையின் பெருவழக்காக இருந்தன. அவற்றின் அரசியல் குறித்து விரிவான ஆய்வுகள் நிகழ்ந்துள்ளன. திராவிட இயக்க உரையாடல், எம்.ஜி.ஆரின் நாயகப் படிமம், பார்வையாளர் திரள் ஆகியவை பலமுறை பேசப்பட்டுவிட்டன. இப்படங்களின் இசை மட்டும் 'பழைய பாடல்கள்' என்ற நினைவேக்கத் தொகுப்பிற்குள் ஒதுங்கிவிட்டது. பாடல் படத்திலிருந்து பிரிக்கப்பட்டு இசைத்தட்டாகவும் வானொலி நேயர் விருப்பமாகவும் வாழ்ந்ததால், அது கதைக்குள் ஆற்றிய பணி மறைந்துபோயிற்று. இசையமைப்பாளரை இனிய மெட்டுகளின் எண்ணிக்கையால் அளக்கும் வழக்கமும் அதனாலேயே நிலைபெற்றது.

இந்த அளவையால் பெரிதும் இழப்புற்றவர் சுப்பையா நாயுடு. ஜி.ராமநாதனைப் போல் இராக ஆட்சியாலோ, விசுவநாதன்–ராமமூர்த்தியைப் போல் மெல்லிசைப் புதுமையாலோ அவரைச் சுருக்கிச் சொல்லிவிட இயலாது. அவருடைய சாதனை, ஒரு வகைப்படத்திற்குத் தேவையான ஒலியைக் கண்டடைந்ததில் உள்ளது.

2. வட்டாரப் பின்புலம்: பண்பொழியும் கடையநல்லூரும்

சுப்பையா நாயுடு பிறந்த கடையநல்லூர், 2019இல் திருநெல்வேலியிலிருந்து பிரிக்கப்பட்ட தென்காசி மாவட்டத்தில், மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில் உள்ளது. அதே அடிவாரத்தில் திருமலைக் குமாரசுவாமி கோயிலைக் கொண்ட பண்பொழியும், எஸ்.ஜி.கிட்டப்பா பிறந்த செங்கோட்டையும், குற்றாலமும் அமைந்துள்ளன. இவ்வட்டாரத்தின் இலக்கிய வரலாற்றை நோக்கின் ஒரு பொதுத்தன்மை புலனாகும். மேலகரம் திரிகூடராசப்பக் கவிராயரின் திருக்குற்றாலக் குறவஞ்சி, திருமலை முருகன்மீது எழுந்த பள்ளு, சென்னிகுளம் அண்ணாமலை ரெட்டியாரின் காவடிச்சிந்து ஆகிய மூன்றுமே படிக்கப்படுவதற்கு முன்பு பாடி ஆடப்படுவனவாக உருக்கொண்டவை. குறவஞ்சியில் ஒரு பாத்திரம் மேடைக்கு வருவதும், தன் மலைவளம் கூறுவதும், வாதிடுவதும், தேடி அலைவதும் பாட்டாலேயே நிகழ்கின்றன. காவடிச்சிந்தின் சந்தம், சுமையைத் தோளில் ஏற்றி மலையேறும் அடியவரின் நடைக்கு இசைவானது. இரண்டிலும் பாட்டு செயலை நிறுத்திவைப்பதில்லை, செயலாகவே அமைகிறது.

இதனைச் சுப்பையா நாயுடுவின் மெட்டுகள்மீது விழுந்த நேரடித் தாக்கமாகக் கொள்ள வேண்டியதில்லை. ஊரை வைத்துக் கலைஞனை விளக்கிவிடும் எளிய வழி ஆய்வுக்கு உதவாது. ஆயினும் 'பாட்டு வந்தால் கதை நின்றுவிடும்' என்று மேலைத் திரைக்கோட்பாட்டை அடியொற்றிக் கூறப்படும் குறைபாடு, பாட்டாலேயே கதை நகரும் ஒரு நாடக மரபின்முன் பொருந்தாது என்பதை இவ்வடிவ ஒப்புமை காட்டுகிறது. சாகசப் படப் பாடலை மதிப்பிடுவதற்கு உரிய அளவுகோல் அம்மரபிலேயே கிடைக்கிறது. பாத்திரம் பாடி முடித்தபின் கதையில் அதன் நிலை மாறியிருக்கிறதா என்பதே அவ்வளவுகோல்.

3. கோவை நிலையங்களும் கூட்டுப் படைப்பும்

சுப்பையா நாயுடுவின் ஆக்கக் காலம் கோவையோடு பிணைந்தது. எம்.சோமசுந்தரமும் எஸ்.கே.மொகிதீனும் நடத்திய ஜூபிடர் பிக்சர்ஸ் தன் படங்களைச் சென்ட்ரல் ஸ்டுடியோவில் எடுத்துவந்தது. எஸ்.எம்.ஸ்ரீராமுலு நாயுடுவின் பட்சிராஜா ஸ்டுடியோவும் அதே நகரில் இயங்கியது. இவ்விரு நிறுவனங்களுக்கும் இசையமைத்தவர் என்ற வகையில், கோவை நிலையங்களின் ஒலியுலகைப் பெரிதும் வடிவமைத்தவர் அவரே. 'ராஜகுமாரி', 'அபிமன்யு' (1948), 'மோகினி' (1948), 'வேலைக்காரி' (1949), 'மர்மயோகி' (1951) ஆகியவை ஜூபிடர் படங்கள். 'ஏழை படும் பாடு' (1950), 'காஞ்சனா' (1952), 'மலைக்கள்ளன்' (1954), 'மரகதம்' (1959) ஆகியவை பட்சிராஜா படங்கள்.

இப்பட்டியலிலேயே ஓர் ஆய்வுச் சிக்கல் உள்ளது. 'மோகினி', 'வேலைக்காரி', 'மர்மயோகி' ஆகியவற்றில் சுப்பையா நாயுடுவோடு சி.ஆர்.சுப்பராமனின் பெயரும் இடம்பெறுகிறது. 'நாடோடி மன்னன்' (1958) படத்தில் என்.எஸ்.பாலகிருஷ்ணன் உடனிருந்தார். 'அபிமன்யு' படத்தின் பாடல் ஒன்றன் மெட்டு, அந்நாளில் நிலையத்தில் சிறு பணியாளராக இருந்த எம்.எஸ்.விசுவநாதன் உருவாக்கியது, படம் வெளிவந்தபோது அது சுப்பையா நாயுடுவின் பெயரிலேயே அறியப்பட்டது. பின்னாளில் அதனை விசுவநாதனே நன்றியுணர்வு குறையாமல் எடுத்துரைத்திருக்கிறார்.

இச்செய்தியைக் குரு–சீடர் உறவின் நெகிழ்ச்சிக் கதையாகச் சொல்வதே வழக்கம். ஆய்வு நோக்கில் அது வேறொன்றையும் உணர்த்துகிறது. நிலையத்தின் ஊதியப் பணியில் இசை ஒரு பட்டறையின் விளைபொருளாக இருந்தது. தலைமை இசையமைப்பாளர், உதவியாளர், வாத்தியக்காரர் ஆகியோரின் உழைப்பு ஒரே பெயரின்கீழ்த் திரண்டது. எனவே சுப்பையா நாயுடுவின் 'தனி நடை' என்று ஒன்றை மெட்டுகளிலிருந்து மட்டும் பிரித்தெடுக்க முயல்வது தவறான முடிவுகளுக்கு இட்டுச்செல்லும். படத்திற்குப் படம் மாறாமல் தொடரும் முடிவுகளையே அவருக்குரியனவாகக் கருதலாம். நாயகனுக்கு எக்குரல், எவ்விடத்தில் பாட்டு, எவ்விடத்தில் இசையின்மை என்பன அத்தகைய முடிவுகள்.

4. நாயகனுக்கு ஒரு குரல்

ஏ.எஸ்.ஏ.சாமி இயக்கிய 'ராஜகுமாரி' எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனாக நடித்த படம். அதில் அவருக்குப் பின்னணி பாடியவர் எம்.எம்.மாரியப்பா. நடிகரே பாடவேண்டும் என்ற தேவை தளர்ந்து, பின்னணிக் குரல் வழக்கமாகிக்கொண்டிருந்த காலம் அது. எம்.கே.தியாகராஜ பாகவதரும் பி.யு.சின்னப்பாவும் பாடகராக இருந்ததனாலேயே நாயகராக இருந்தனர். வாள்வீச்சும் உடற்கட்டும் தகுதியாக வந்த புதிய நாயகனுக்குக் குரலை வெளியிலிருந்து அளிக்க வேண்டியிருந்தது. இதனை ஒரு தொழில்நுட்ப ஏற்பாடாக மட்டும் கருதலாகாது. உடல் ஒருவருடையது, குரல் மற்றொருவருடையது என்ற பிளவு பார்வையாளருக்குத் தெரியாமல் இருக்கவேண்டுமானால், குரலின் தன்மை அவ்வுடலின் அசைவோடு பொருந்தியிருக்க வேண்டும்.

மாரியப்பாவின் குரல் பாகவதர் காலத்தின் நாடகப் பாடல் முறையைச் சார்ந்தது. நீண்ட கார்வையும் சங்கதிகளும் கொண்ட அம்முறையில் பாடுபவன் நின்று பாடவேண்டும். சாகச நாயகனோ நிற்பவனல்லன். இம்முரண்பாட்டிற்குச் சுப்பையா நாயுடு கண்ட விடையே டி.எம்.சௌந்தரராஜன். ஜூபிடரின் 'கிருஷ்ண விஜயம்' (1950) வழியாக அவரைத் திரைக்குக் கொணர்ந்த இசையமைப்பாளர், 'மலைக்கள்ளன்' படத்தில் அவர் குரலை எம்.ஜி.ஆருக்கு அளித்தார். தொடக்கத்தில் பாகவதர் சாயலில் பாடிய பாடகரிடம், தெளிந்த சொல்லுச்சரிப்பும் மேல்தாயியிலும் தளராத அழுத்தமும் இருப்பதை அவர் பயன்படுத்திக்கொண்டார். 'மலைக்கள்ளன்' படத்தில் நாட்டின் ஏமாற்றுக்காரர்களைக் கேள்வி கேட்கும் அப்புகழ்பெற்ற பாடலில் சங்கதிகள் அருகியுள்ளன. சொல் ஒவ்வொன்றும் தாளத்தின்மேல் நேராக விழுகிறது. மெட்டு நடைவேகத்தை விட்டு விலகாமல் செல்கிறது. கேட்பவன் உடன் நடக்கத்தக்க பாட்டு அது.

மேற்கூறிய அளவுகோலை இங்குப் பொருத்திப் பார்க்கலாம். பாட்டுக்கு முன் மலைக்கள்ளன் மறைந்து திரியும் ஒரு மர்ம மனிதன். பாட்டுக்குப் பின் அவன் பொதுநலத்தின் பேச்சாளன். உரையாடலால் நீண்டநேரம் நிறுவவேண்டிய ஒரு மாற்றத்தை ஒரு பாட்டு நிகழ்த்திவிடுகிறது. கள்ளன் என்ற பெயரைச் சுமந்தவனுக்கு அறத்தகுதி அளிப்பது அவனது செயலைவிட அவனது குரலே.

எம்.ஜி.ஆருக்கு இக்குரல் உடனே நிலைத்துவிடவில்லை. 'குலேபகாவலி' போன்ற படங்களில் ஏ.எம்.ராஜாவும், 'சக்கரவர்த்தித் திருமகள்' போன்ற படங்களில் சீர்காழி கோவிந்தராஜனும் அவருக்குப் பாடினர். அவரே தயாரித்து இயக்கிய 'நாடோடி மன்னன்' படத்திற்குச் சுப்பையா நாயுடுவையும் சௌந்தரராஜன் குரலையும் தேர்ந்துகொண்டது, 1954இல் கண்ட வெற்றியை அறிந்து செய்த தேர்வாகவே தோன்றுகிறது. அதில் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரத்தின் வரிகளில், உறங்கும் இளையோரை விழிக்கச் சொல்லும் பாடல் தாலாட்டின் நேரெதிர் வடிவம். மெட்டில் தாலாட்டின் கனிவு உண்டு. சொல்லில் கண்டிப்பு உண்டு. இவ்விரண்டையும் ஒரே குரலில் நிறுத்திய திறமே பின்னாளில் 'கொள்கைப் பாடல்' என்று வழங்கிய வகைக்கு முன்மாதிரியாயிற்று. அவ்வகையைப் பாடலாசிரியர், நடிகர் ஆகியோரின் கொடையாக மட்டும் எழுதும் வரலாறு இந்த இடத்தில் திருத்தப்பட வேண்டும்.

5. ஒரு கதை, இரண்டு இசைகள்: 'மலைக்கள்ளன்', 'ஆசாத்'

நாமக்கல் கவிஞர் வெ.இராமலிங்கம் பிள்ளையின் புதினத்தைத் தழுவி, மு.கருணாநிதியின் உரையாடலோடு உருவான 'மலைக்கள்ளன்', தமிழுக்குக் குடியரசுத் தலைவரின் வெள்ளிப்பதக்கத்தைப் பெற்றுத்தந்த முதல் படம். தெலுங்கு, இந்தி, மலையாளம், கன்னடம், சிங்களம் ஆகிய மொழிகளிலும் அக்கதை படமாயிற்று. தெலுங்கின் 'அக்கிராமுடு' (1954) படத்திற்குச் சுப்பையா நாயுடுவே இசையமைத்தார். இந்தியில் ஸ்ரீராமுலு நாயுடு இயக்கி, திலீப் குமாரும் மீனா குமாரியும் நடித்த 'ஆசாத்' (1955) படத்தின் இசையை சி.ராம்சந்திரா புதிதாக அமைத்தார்.

ஒரே இயக்குநர், ஒரே கதை, வேறு இசை என்ற இந்நிலை ஒப்பாய்வுக்கு அரிய வாய்ப்பு. 'ஆசாத்' படத்தின் பாடல்களில் லதா மங்கேஷ்கரின் குரலே ஓங்கியுள்ளது. நாயகனுக்குரியதாக நினைவில் நிற்பது, இசையமைப்பாளரே லதாவுடன் பாடிய ஒரு காதல் இணைப்பாட்டு. திலீப் குமாரின் நாயகன் நகைச்சுவையாலும் மாறுவேடத் திறத்தாலும் ஈர்க்கிறான். சமூகத்தை நோக்கிப் பாடவேண்டிய தேவை அவனுக்கு இல்லை. தமிழ் நாயகனின் நடுநாயகமான பாட்டு இந்தியில் இடமற்றுப்போனது. பாடல்களின் இனிமையில் ராம்சந்திராவின் படைப்பு குறைந்ததன்று. பன்மடங்கு பரந்த புகழையும் அது பெற்றது. ஆனால் அங்குப் பாட்டு சாகசத்திற்கு அணியாக நிற்கிறது. இங்கே சாகசத்தின் நியாயத்தையே பாட்டு சுமக்கிறது.

இதனை ஆலிவுட் நிகழ்வு ஒன்றோடு சேர்த்து நோக்கலாம். 'நாடோடி மன்னன்' கதைக்கு ஒரு தூண்டுதலாக அமைந்த 'தி பிரிசனர் ஆஃப் செண்டா' 1937இல் படமானபோது ஆல்ஃபிரட் நியூமன் இசையமைத்தார். 1952இல் அதே கதை வேறு நடிகர்களோடு வண்ணத்தில் மீண்டும் எடுக்கப்பட்டபோது, நியூமனின் இசையே தழுவிப் பயன்படுத்தப்பட்டது. நடிகர் மாறினும் இசை மாறவேண்டியிருக்கவில்லை. அது கதையின் உடைமை. கோவையிலிருந்து பம்பாய்க்குக் கதை சென்றபோது இசை உடன்செல்லவில்லை. இங்கே இசை மொழியின், குரலின், அம்மொழி பேசும் அவையின் உடைமை. தமிழ்ச் சாகசப் பட இசையை ஆராய்வோர் முதலில் கருதவேண்டிய வேறுபாடு இது.

6. பின்னணி இசை: எல்லைகளும் இழப்பும்

எரிக் வோல்ஃப்காங் கோர்ன்கோல்ட் 'தி அட்வெஞ்சர்ஸ் ஆஃப் ராபின் ஹுட்' (1938) படத்திற்கு அமைத்த இசை, ஆஸ்கர் விருது பெற்றது. அதில் ஒவ்வொரு பாத்திரத்திற்கும் உரிய இசைக்கூறு வாள்சண்டையின் ஒவ்வொரு திருப்பத்திலும் வளர்ந்து மாறுகிறது. ராபின் ஹுட் கதையின் சாயல் கொண்ட 'மர்மயோகி' படத்தை இதனோடு வைத்து நோக்குவோர் ஏமாற்றம் அடைவர். கே.ராம்நாத் இயக்கிய அப்படத்தின் ஒளியமைப்பிலும் ஆவி தோன்றும் காட்சிகளிலும் காணும் துணிவு, அதன் பின்னணி இசையில் அதே அளவில் இல்லை. பதற்றத்தைக் குறிக்கும் இசைத் துணுக்குகள் பாத்திரத்திற்குரியனவாக வளராமல், நிகழ்ச்சி வகைக்குரிய பொது அடையாளங்களாகவே நின்றுவிடுகின்றன. துரத்தலுக்கு ஒன்று, வியப்புக்கு ஒன்று, சோகத்திற்கு ஒன்று என்ற பகுப்பு நாடகக் கொட்டகையின் பழக்கத்தை நினைவூட்டுகிறது.

இதனை மறைத்துப் புகழ்வது திறனாய்வாகாது. அதேவேளை, குறைபாட்டின் காரணத்தை ஒருவரின் ஆற்றலின்மையில் தேடுவதும் பொருந்தாது. நியூமனும் கோர்ன்கோல்டும் பெரிய இசைக்குழுவையும் இசையெழுத்தையும் கொண்டு, படத்தொகுப்பு முடிந்த காட்சிக்கு நொடிக்கணக்கில் இசை எழுதினர். கோவை நிலையத்தில் இசையமைப்பாளரின் உழைப்பு பெரிதும் படப்பிடிப்புக்கு முன்பே தேவைப்பட்ட பாடல்களில் செலவாயிற்று. நிறுவனத்தின் வருவாயும் விளம்பரமும் இசைத்தட்டும் பாட்டுப் புத்தகமும் பாடலையே நாடின. மூன்றரை மணி நேர அளவில் நீளும் 'நாடோடி மன்னன்' போன்ற படத்தில், காட்சிகளைத் தொடுக்கும் இசைக்கு எஞ்சியது குறைவே.

இங்குக் கவனிக்கத்தக்க மற்றொன்று இசையின்மை. வாள் மோதும் ஒலி, குளம்போசை, மூச்சு ஆகியவற்றைத் தனியே விட்டு இசையை ஒதுக்கும் இடங்கள் இப்படங்களில் உண்டு. வாள்வீச்சில் தேர்ச்சி பெற்ற நடிகரின் உடலே காட்சியின் ஈர்ப்பாக இருக்கையில், அவ்வொதுக்கம் பயன்தரும் முடிவாகிறது. பாட்டில் மிகுந்து ஒலிக்கும் நாயகன் சண்டையில் ஊமையாகிறான். அவனுக்காகப் பாட்டு முன்பே பேசிவிட்டது.

இத்தகைய கருத்துகளை விரிவாகச் சோதிக்க மூல ஒலித்தடங்கள் தேவை. பாடல்கள் இசைத்தட்டுகளால் காக்கப்பட்டன. பின்னணி இசை, தேய்ந்த படப்படிகளின் ஒலிப்பட்டையில் உரையாடலோடு கலந்தே எஞ்சியுள்ளது. எதைச் சேமித்தோமோ அதனையே வரலாறாக எழுதியிருக்கிறோம் என்பதை ஆய்வுலகம் மறத்தலாகாது.

7. நாகசுவரத்தின் சாகசம்

எம்.வி.ராமன் இயக்கிய 'கொஞ்சும் சலங்கை' (1962) வாள்வீச்சால் நினைக்கப்படும் படமன்று. ஆயினும் சுப்பையா நாயுடுவின் சாகச நோக்கு மிகத் தூய வடிவில் வெளிப்பட்ட இடம் அதுவே எனலாம். ஆபேரி இராகத்தில் அமைந்த முருகன் பாடலில், டி.என்.இராஜரத்தினம் பிள்ளையின் மாணவரும் நெல்லைச் சீமையினருமான காருகுறிச்சி அருணாசலத்தின் நாகசுவரமும் எஸ்.ஜானகியின் குரலும் எதிரெதிர் நிற்கின்றன. பாட்டின் பிற்பகுதியில் சுரங்கள் ஒன்றையொன்று துரத்துகின்றன. திறந்த வெளியில் ஊர் கேட்க ஒலிக்கும் பெருங்கருவிக்கு, ஒலிவாங்கியின்முன் பாடும் மென்குரலைச் சமமாக நிறுத்துவது இடர் மிக்க முயற்சி. அப்பாட்டைக் கேட்பவர் உணரும் பதற்றம், கயிற்றின்மேல் நடப்பவரைப் பார்க்கும் பதற்றத்திற்கு இணையானது. அறைகூவல், எதிர்மொழி, உச்சம், இணக்கம் என்ற வாள்சண்டைக் காட்சியின் அமைப்பு முழுதும் இங்கு இசையின் உள்ளேயே நிகழ்ந்துவிடுகிறது.

8. 1965க்குப் பின்

1965ஆம் ஆண்டு ஒரு எல்லைக்கோடு. கடற்கொள்ளையர் கதையான 'ஆயிரத்தில் ஒருவன்' விசுவநாதன்–ராமமூர்த்தி இசையில் வெளிவந்தது. அதே ஆண்டில் எம்.ஜி.ஆர். நடித்த 'ஆசை முகம்' சுப்பையா நாயுடுவின் இசையில் வந்தது. முன்னதில் தாளக்கருவிகளும் தந்திக்கருவிகளும் கடலின் பரப்பையும் கப்பலின் அசைவையும் பாட்டுக்குள்ளேயே கொணர்கின்றன. இடையிசை காட்சியை விரிக்கிறது. பின்னதில் நாயகனின் குரல் இன்னும் உறுதியாகவே உள்ளது. அதைச் சூழும் ஒலி முந்தைய பத்தாண்டுக்குரியது. குரலால் நாயகனைக் கட்டும் முறையைப் பட்டறையில் கற்ற மாணவர், அதற்கு ஓர் ஒலிவெளியையும் சேர்த்துவிட்டார்.

சாகசப் படத்தின் இயல்பும் மாறிக்கொண்டிருந்தது. மாடர்ன் தியேட்டர்ஸின் 'வல்லவன் ஒருவன்' (1966) போன்ற துப்பறியும் படங்களில் வேதாவின் இசை, இந்தி மெட்டுகளின் வழியே நகர்ப்புற விடுதியின் ஒலியைக் கொணர்ந்தது. தேவர் பிலிம்ஸின் 'வேட்டைக்காரன்' (1964) போன்ற படங்களில் கே.வி.மகாதேவன் எளிமையும் விரைவும் கொண்ட பாணியை நிறுவியிருந்தார். தொழிலின் மையம் கோவையை விட்டுச் சென்னைக்குப் பெயர்ந்துவிட்டதால், சுப்பையா நாயுடுவைத் தாங்கிய நிலைய அமைப்பும் இல்லாதொழிந்தது. 'தலைவன்' (1970) வெளிவந்தபோது அவரது ஒலி, தான் உருவாக்கிய நாயகனுக்கே பழையதாகியிருந்தது.

9. முடிவுரை

'விக்ரம்' (1986) படத்தில் இளையராஜா மின்னணு ஒலிகளால் ஒற்றனின் உலகைக் கட்டினார். அதே பெயரில் 2022இல் வந்த படத்தில் அனிருத்தின் பின்னணி இசை, பாடல்களுக்கு இணையாகத் தனித்துக் கேட்கப்படுகிறது. நாயகன் வாய்திறந்து பாடாமலே அவனுக்கு ஓர் இசையடையாளம் வாய்த்துவிடுகிறது. இம்மாற்றத்தை வளர்ச்சி என்று மட்டும் கூறுவது எளிது. நாயகனின் ஒலியடையாளம் சொல்லற்றதாகும்போது, அவன் யாருக்காகப் போரிடுகிறான் என்பதை அவனே கூறவேண்டிய கடப்பாடும் தளர்கிறது. சுப்பையா நாயுடுவின் நாயகன் வாளெடுக்கும் முன் தன் அறத்தை அவையறியப் பாடவேண்டியிருந்தது. அக்கடப்பாடு அரசியல் விளம்பரமாகவும் திரிந்தது என்பது உண்மையே. ஆனால் வன்முறைக்கு விளக்கம் கேட்கும் உரிமையை அது பார்வையாளருக்கு அளித்திருந்தது.

ஆகவே சுப்பையா நாயுடுவை 'அறிமுகம் செய்தவர்', 'ஆசான்' என்ற துணைநிலைச் சொற்களிலிருந்து மீட்க வேண்டியுள்ளது. பின்னணி இசையில் அவர் எட்டாத எல்லைகள் தெளிவானவை. கூட்டுப் படைப்பில் அவர் பங்கினைப் பிரித்தறியும் பணி முடிந்துவிடவில்லை. இவ்விரண்டையும் ஏற்றுக்கொண்ட பின்னும், சாகச நாயகனுக்கு நடந்துகொண்டே பாடும் குரலை அளித்தவர் அவர் என்ற முடிவு நிலைபெறுகிறது. கோவை நிலையங்களின் எஞ்சிய படப்படிகளை ஒலி நோக்கில் தொகுத்து ஆராய்வது, தமிழ்த் திரையாய்வின் முன்னுள்ள உடனடிப் பணியாகும்.